கையைக் காட்டு

4.2.2024, ஞாயிறு

மகன் பாணியும் மருமகளும் பேத்தியும் காலை பதினொன்றுக்கு வந்தார்கள், மூன்று மணிக்குக் கிளம்பிவிட்டார்கள். ஒட்டன்சத்திரத்துக்கும் கோயம்புத்தூருக்கும் நடுவில் என்ன கடலா இருக்கிறது என்று என் மனைவி தெய்வானை கேட்டாள். கார் தெருமுனை திரும்பிய பிறகு, என்னிடம்.

விட்டுப் போனது ஒரு நாய்க்குட்டியை. நாலரை மாதம். பணியார நிறம், பணியார வடிவம், பெயரும் பணியாரம். ஓவியா வைத்தது. ஆறு வயதுக் குழந்தை வைத்த பெயர் என்பதால் நான் ஒன்றும் சொல்லவில்லை.

மருமகள் ஜீவிதாவுக்கு ஆபீசில் ஐந்து வாரம் புனேயில் பயிற்சி. குழந்தையைப் பார்த்துக்கொள்ள அவள் அம்மா திருப்பூரிலிருந்து வந்து கோவையில் இருக்கப் போகிறார். அந்த அம்மாளுக்கு நாய் முடி பட்டால் இளைப்பு வரும். ஆகவே குழந்தைக்கு அவர்கள், நாய்க்கு நாங்கள். அதற்காவது இந்த வீட்டின் ஞாபகம் வந்ததே.

ஓவியா இந்த வீட்டில் இதுவரை ஒரு ராத்திரி படுத்தது கிடையாது. கொசு என்பான் பாணி. ஏசி இல்லை என்பான். மறுநாள் வேலை என்பான். இன்று கிளம்பும்போது ஜீவிதா சமையலறைப் பக்கம் வந்து மெதுவாகச் சொன்னாள்: “மாமா, இந்த அஞ்சு வாரம் பணியாரம் நல்லபடியா இருந்துட்டான்னா மே லீவுல ஓவியாவ பத்து நாள் இங்க விடறேன். அவர்கிட்ட நான் பேசிக்கறேன்.”

அவனிடம் பேச என்ன இருக்கிறது என்று நான் கேட்கவில்லை. தெய்வானை இப்போதே கொசுவலை வாங்கக் கட்டிலைச் சாண் போட்டு அளந்துகொண்டிருக்கிறாள்.

5.2.2024, திங்கள்

உரக்கடைக்காரர் கொடுத்த இந்த டைரியில் ஜனவரி முழுக்க மின்வெட்டும் என் சர்க்கரை அளவும்தான் இருக்கின்றன. இனி நாய்.

காலை ஆறு மணிக்கு விசில் ஊதினேன். மூன்றாவது விசிலில் வந்து என் செருப்பைத் தூக்கிக்கொண்டு ஓடியது. முப்பத்து நாலு வருஷம் உடற்கல்வி ஆசிரியராக இருந்தவனின் விசிலுக்கு இந்த மரியாதை.

தெய்வானையின் முன்கையில் இரண்டு நீளக் கீறல். குட்டி தாவியதில் நகம் பட்டது. பிடித்துப் பார்த்தேன். பிறை பிறையாக வளர்ந்து முனை கொக்கி மாதிரி வளைந்திருக்கிறது. திங்கட்கிழமையும் அதுவுமாக இப்படி ஒரு நகம் என் கண்ணில் பட்டால் எப்படி இருக்கும்! எங்கள் பள்ளியில் திங்கள் காலை பிரேயர் முடிந்ததும் நகச் சோதனை. “கையைக் காட்டு” என்று நான் ஒரு முறை சொன்னால் எழுநூறு பிள்ளைகளும் கையை நீட்டுவார்கள். ஸ்டீல் ஸ்கேலோடு வரிசையாக வருவேன். ஒரு பிள்ளைக்கும் சீதபேதி வந்ததில்லை என்று தலைமை ஆசிரியர் ஆண்டு விழாவில் சொல்லியிருக்கிறார்.

குட்டியின் பையில் பிளாஸ் போல ஒரு சாமான் இருந்தது. நாய்க்கென்று தனி நகவெட்டியாம். ஓவியாவின் கையெழுத்தில் ஒரு சீட்டும்: “பணியாரத்துக்கு நகம் வெட்டணும். வலிக்கக் கூடாது.” பிளாஸைத் திரும்பப் பையிலேயே போட்டேன். நம் வீட்டு நகவெட்டி இருபது வருஷமாகக் கூர் மழுங்காதது.

பாணியின் இடது கை மோதிர விரல் நகம் கோணலாக இருக்கும். சின்ன வயதில் குளியலறைக் கதவு இடித்தது. அன்றே தெய்வானை ஒரு சைக்கிள் டியூப் துண்டை வெட்டி அந்தக் கதவு நிலையில் ஆணி அடித்து வைத்தாள், கதவு அறையாமல் இருக்க. இன்னும் இருக்கிறது. ஓவியா நேற்று அதை இழுத்து விட்டு விளையாடினாள்.

6.2.2024, செவ்வாய்

செவ்வாய்க்கிழமை நகம் வெட்டக் கூடாதாம்.

8.2.2024, வியாழன்

நகவெட்டியை எடுத்து உட்காரும்போது மணி ஆறே கால். விளக்கு வைத்தாயிற்று, இனி வெட்டக் கூடாது என்றாள்.

9.2.2024, வெள்ளி

வெள்ளிக்கிழமை, தை அமாவாசை, இரண்டும் சேர்ந்து வந்திருக்கிறது. “நாய்க்கு ஏதுடி வெள்ளிக்கிழமை?” என்றேன். “நாய்க்கு இல்லீங்க. வெட்டறது நீங்கதான? வீடு நம்மளோடதுதான?” என்றாள். வழக்கறிஞராகப் போயிருக்க வேண்டியவள்.

சோபாவின் துணி ஒரு மூலையில் பிய்ந்துவிட்டது.

11.2.2024, ஞாயிறு

இன்று தடை ஏதும் இல்லை. காலை ஒன்பது மணிக்கு நல்ல வெளிச்சத்தில் வாசலில் உட்கார்ந்தேன். குட்டியை மடியில் இறுக்கி வைத்துக்கொண்டு “கையைக் காட்டு” என்று ஒரு அதட்டல் போட்டேன். முன்னங்காலை இழுத்துப் பிடித்தேன்.

முதல் நகம் வெள்ளை. சுத்தமாக வந்தது. இரண்டாவதும் அப்படியே. மூன்றாவது கறுப்பு. அதையும் அதே அளவுக்கு வெட்டினேன்.

அது கத்தியது. நாய் குரைக்கும் சத்தம் இல்லை, குழந்தை வீறிடுவது மாதிரி. ரத்தம் என் வேட்டியில் ஒரு சாண் அகலத்துக்குப் பரவியது. தெய்வானை காப்பித்தூளைக் கொண்டுவந்து அப்பினாள். பத்து நிமிஷம் நிற்கவில்லை. என் பழைய பனியனைக் கிழித்துக் கட்டினோம்.

தப்பு குட்டியுடையதுதான். கடைசி நேரத்தில் காலை உதறியது.

12.2.2024, திங்கள்

சாயந்திரம் கோவையிலிருந்து வீடியோவில் ஓவியா கூப்பிட்டாள். தெய்வானை தெரியாத்தனமாகக் குட்டியைக் காமிராவுக்கு நேரே தூக்கிவிட்டாள்.

“அய்யோ, தாத்தா! பணியாரத்துக்குக் கால்ல என்ன?”

“ஒண்ணுமில்ல கண்ணு. கதவு இடிச்சிருச்சு” என்றேன்.

தெய்வானை என்னைத் திரும்பிப் பார்த்தாள். குழந்தை அழுதுவிடுமே என்பதற்காக அப்படிச் சொன்னேன், அவளுக்கும் புரிந்திருக்கும்.

குழந்தைக்குப் பின்னால் பாணி தட்டில் ஏதோ சாப்பிட்டுக்கொண்டிருந்தான். சாப்பிடுவதை நிறுத்தினான். போனைக் குழந்தையிடமிருந்து வாங்கி, “எந்தக் கதவுப்பா?” என்று கேட்டான்.

அதன் பிறகு சிக்னல் போய்விட்டது.

13.2.2024, செவ்வாய்

குட்டியைக் கூடையில் வைத்துக் கால்நடை மருத்துவமனைக்கு எடுத்துப் போனேன். டாக்டர் ரபீக் நம் பள்ளி மாணவன், பாணியோடு படித்தவன். என்னைப் பார்த்ததும் நாற்காலியை விட்டு எழுந்துவிட்டான். காத்திருந்த ஆட்டுக்காரர்கள் எல்லாம் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். அது வரைக்கும் சந்தோஷம்தான்.

கட்டை அவிழ்த்துப் பார்த்து, “என்ன சார் ஆச்சு?” என்றான்.

“கதவு இடிச்சிருச்சு.”

அவன் குட்டியின் காலைத் தன் உள்ளங்கையில் வைத்து வெளிச்சத்துக்குத் திருப்பிப் பார்த்தான். பிறகு, “கதவு இடிச்சா நகம் நசுங்கும் சார். இது வெட்டுனது” என்றான். குரலில் குத்தல் எதுவும் இல்லை. அப்படி இருந்திருந்தால் பதிலுக்கு நாலு வார்த்தை பேசியிருப்பேன்.

நகத்துக்குள் ரத்தம் ஓடும் சதை இருக்கிறதாம். வெள்ளை நகத்தில் அது இளஞ்சிவப்பாகத் தெரியும். கறுப்பு நகத்தில் தெரியாது. அதனால் ஒரே வெட்டாக வெட்டாமல் அரிசி முனை அளவுக்குச் சீவிச் சீவி எடுக்க வேண்டும். வெட்டிய முகத்தின் நடுவில் ஈரமாக ஒரு கரும்புள்ளி தெரிந்தால் அதோடு நிறுத்திவிட வேண்டும். இன்னொன்றும் சொன்னான். நகத்தை வெட்டாமல் விட்டால் உள்ளே இருக்கும் சதையும் கூடவே வளர்ந்து முனை வரைக்கும் வந்துவிடுமாம். தள்ளிப் போடப் போட வெட்டுவது கஷ்டம்.

“மனுஷங்களுக்கு வெட்டற நகவெட்டி வேணாம் சார், அது நசுக்கும். ரத்தம் வந்தா கார்ன்ஃப்ளார் மாவை வெச்சு ரெண்டு நிமிஷம் அழுத்திப் பிடிங்க. ஆனா இப்ப வெட்டவே வேணாம். மொதல்ல காலைத் தொட விடுதான்னு பாருங்க. தொட்டா ஒரு துண்டு முட்டை. அவ்வளவுதான். அதுவா காலைக் குடுக்கற வரைக்கும் பிடிக்காதீங்க. அப்பறமா ஒரு நாளைக்கு ஒரு நகம்.”

“எத்தனை நாளாகும்?”

“அது நம்ம கையில இல்ல சார்.”

கிளம்பும்போது வாசல் வரை வந்தான். பாணி எப்படி இருக்கிறான் என்று கேட்டான். பழைய கதைகள் சில பேசினான்.

15.2.2024, வியாழன்

நான் உள்ளே வந்தால் குட்டி நாலு காலையும் வயிற்றுக்கு அடியில் மடக்கிக்கொண்டு உட்கார்ந்துவிடுகிறது. முட்டையை நீட்டினேன். கழுத்தை மட்டும் எட்டி வாங்கிக்கொண்டது. கால் வெளியே வரவில்லை.

தெய்வானை கூப்பிட்டால் மட்டும் ஓடுகிறது.

17.2.2024, சனி

பாணி போன் செய்யவில்லை. வேலை இருக்கும். ஜீவிதா புனேயிலிருந்து கூப்பிட்டாள். கால் எப்படி இருக்கிறது என்று கேட்டாள். மே மாதத்தைப் பற்றி அவள் எதுவும் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை.

20.2.2024, செவ்வாய்

விசிலை அலமாரிக்கு மேலே போட்டுவிட்டேன். ஆறு நாளாகத் தரையில் உட்கார்ந்து ஒரு நாயின் முன்னால் கையை விரித்து வைத்திருக்கிறேன். அறுபத்தெட்டு வயதில் முட்டி வலி உயிரை எடுக்கிறது. உட்கார்ந்தால் எழுந்திருக்க நாற்காலியைப் பிடிக்க வேண்டியிருக்கிறது. தெய்வானை, “பள்ளிக்கூடத்துல ஒரு புள்ளைக்காவது இப்படி உக்காந்திருக்கீங்களா?” என்று சிரித்தாள்.

விளையாட்டுக்குத்தான் சொன்னாள்.

22.2.2024, வியாழன்

பதிமூன்றாம் தேதி ரபீக் பேசிய பழைய கதை ஒன்றுதான். “அன்னைக்கு நான் பாணிக்கு அடுத்து நின்னேன் சார். எங்களுக்கெல்லாம் அவன் கையைப் பாத்ததுதான் ஞாபகம். எனக்கு அடி விழல. நீங்க என்னைத் தாண்டிப் போயிட்டீங்க.”

ஏன் தாண்டிப் போனேன் என்று அவனுக்குத் தெரியாது. எனக்குத் தெரியும்.

24.2.2024, சனி

குட்டி இன்று வலது முன்னங்காலை வெளியே வைத்தது. தொட்டேன். இழுத்துக்கொள்ளவில்லை. மூன்று வரை எண்ணினேன், விட்டேன், முட்டை கொடுத்தேன்.

தெய்வானையைக் கூப்பிட்டுச் சொன்னேன். அவள் சட்டுவத்தோடு வந்து பார்த்துவிட்டு தோசை தீய்கிறது என்று ஓடினாள்.

27.2.2024, செவ்வாய்

ஐந்தாம் தேதி இந்த டைரியில் கதவு என்று எழுதியிருக்கிறேன். யாரும் படிக்காத டைரியில்கூடப் பொய். அதை அடித்துவிட நினைத்தேன். இருக்கட்டும். கீழே உள்ளதுதான் நடந்தது.

1997, ஆடி அமாவாசை ஞாயிற்றுக்கிழமை வந்தது. பாணி ஆறாம் வகுப்பு, என் பள்ளியில்தான். காலையில் நகவெட்டியை எடுத்துக்கொண்டு அம்மாவிடம் போனான். ஆடி அமாவாசையில் நகம் வெட்டுவார்களா என்று அவள் பிடுங்கி வைத்துவிட்டாள். சாயந்திரம் என்னிடம் வந்தான். “அப்பா, நாளைக்குத் திங்கக்கிழமை” என்றான். நான் பேப்பர் படித்துக்கொண்டிருந்தேன். “அம்மா சொன்னாக் கேளு” என்றேன். மறுநாள் விடிந்ததும் வெட்டியிருக்கலாம். சுதந்திர தின அணிவகுப்புக்கு ஒத்திகை என்று ஐந்தரை மணிக்கே அவனை எழுப்பி என்னோடு கூட்டிப் போனதும் நான்தான்.

பிரேயர் முடிந்தது. “கையைக் காட்டு” என்றேன். பாணியின் வரிசைக்கு வருவதற்கு முன் மூன்று பிள்ளைகளை அடித்திருந்தேன். இவன் கையை நீட்டிக்கொண்டு என் முகத்தைப் பார்த்தான். அந்த முகத்தில் பயம் இல்லை. அப்பாவுக்குத்தான் காரணம் தெரியுமே என்று நிற்கிற முகம். லேசாகச் சிரித்தான் என்றுகூட நினைக்கிறேன்.

எழுநூறு பேர் பார்க்கிறார்கள். தன் பிள்ளையை விட்டுவிட்டான் என்று ஒருவன் சொல்லிவிடக் கூடாது. மற்றவர்களுக்கு உள்ளங்கையில், ஸ்கேலைத் தட்டையாகப் பிடித்து ஒரு அடி. இவனைக் கையைத் திருப்பச் சொன்னேன். ஸ்கேலையும் திருப்பினேன். அதன் ஓரம் மோதிர விரலில் விழுந்து நகத்தைப் பாதிக்கு மேல் தூக்கிவிட்டது.

அடுத்து ரபீக். இன்னொரு முறை ஸ்கேலை ஓங்க முடியவில்லை என்பது யாருக்கும் தெரியக் கூடாது என்று அவனைத் தாண்டி நடந்தேன்.

மத்தியானம் சைக்கிளில் வைத்து வீட்டுக்குக் கூட்டி வரும்போது சொல்லிக் கொடுத்தேன். “கதவு இடிச்சுதுன்னு சொல்லு. நேத்து வெட்ட விட்டிருந்தா அடி விழுந்திருக்காதேன்னு அம்மா மனசு கஷ்டப்படும்.” பின்னால் உட்கார்ந்திருந்தவன் சரி என்றான். வீட்டுக்குள் போனதும் நான் வாயைத் திறப்பதற்கு முன்னால் அவனே, “பள்ளிக்கூடம் போறப்பவே கதவு இடிச்சிருச்சும்மா, இருட்டுல கவனிக்கல” என்றான். தெய்வானை போய் அந்தக் கதவை நாலு அறை அறைந்தாள். சைக்கிள் டியூப்பைத் தேடி எடுத்து ஆணி அடித்தாள்.

அவள் மனசு கஷ்டப்படும் என்று சொன்னேன். எனக்கு அவமானம் என்று சொல்லவில்லை.

அவனுக்கு அப்போது பதினோரு வயது. அதற்குப் பிறகு அவனாக என் கையைப் பிடித்து நடந்ததாக ஒரு ஞாபகமும் எனக்கு இல்லை. வயது ஆகிறது, கூச்சப்படுகிறான் என்று நினைத்துக்கொண்டேன். நினைத்துக்கொண்டேன் என்பதும் பொய். அப்படி நினைத்துக்கொள்வது வசதியாக இருந்தது.

28.2.2024, புதன்

மழை இல்லை. சர்க்கரை 168.

3.3.2024, ஞாயிறு

ஒரு நகம் வெட்டினேன். வலது முன்னங்கால், ஓரத்து வெள்ளை நகம். ஓவியா கொடுத்தனுப்பிய அதே பிளாஸ்தான்.

ஒரு வாரமாகக் குட்டிக்கு அந்தச் சாமானை முகரக் கொடுத்து, பக்கத்தில் சும்மா ‘டக்’ என்று அழுத்திச் சத்தம் காட்டி, முட்டை கொடுத்துப் பழக்கியிருந்தேன். “கையைக் காட்டு” என்று மெதுவாகச் சொன்னால் இப்போது அதுவாகவே காலைத் தூக்கி என் உள்ளங்கையில் வைக்கிறது. அதைப் பொறுத்தவரை அந்த வார்த்தைக்கு முட்டை என்று அர்த்தம். அந்த வார்த்தையைக் கேட்டு என்னைப் பார்த்து வாலாட்டிய முதல் ஜீவன்.

காலை இழுக்கவில்லை. இறுக்கவில்லை. அரிசி முனை அளவு சீவினேன். அது முட்டையை மென்றுகொண்டே பார்த்தது. இன்னொன்று வெட்டலாம் என்று கை துறுதுறுத்தது. வெட்டவில்லை.

5.3.2024, செவ்வாய்

செவ்வாய்க்கிழமையிலும் ஒரு நகம். தெய்வானை பார்த்துவிட்டு, “முருகா, இந்த மனுஷனையும் இந்த நாயையும் நீயே பாத்துக்க” என்று உள்ளே போய்விட்டாள்.

7.3.2024, வியாழன்

அன்று ரத்தம் வந்த கறுப்பு நகம். நாலு முறை சீவினேன். நடுவில் கரும்புள்ளி தெரிந்தது. நிறுத்தினேன். எனக்கு வியர்த்துவிட்டது.

ஜீவிதா சனிக்கிழமை புனேயிலிருந்து திரும்புகிறாள். ஞாயிறு மூவரும் வந்து குட்டியைக் கூட்டிப் போகிறார்கள். நாளைக்கு ஒன்று என்பது போய், இப்போது நாலைந்து நகத்துக்குக்கூடக் குட்டி காலைக் கொடுக்கிறது. இருக்கிற நகம் எல்லாவற்றையும் முடித்துவிட்டு, காலின் உள்பக்கம் மேலே இருக்கிற ஒற்றை நகத்தை மட்டும் ஞாயிற்றுக்கிழமைக்கு விட்டு வைக்கப் போகிறேன். பாணி பார்க்க வேண்டும். பார்த்தானானால் அவனுக்கே புரியும். தெய்வானை கொசுவலை வாங்கிவிட்டாள், இளஞ்சிவப்பு நிறம்.

10.3.2024, ஞாயிறு

பத்து மணிக்கு வந்தார்கள். குட்டி ஓவியாவின் மேல் ஏறி, அவள் குட்டியின் மேல் ஏறி, வாசலே அமர்க்களம். சாப்பாடு முடிந்ததும் குழந்தை குட்டியின் காலைத் தூக்கிப் பார்த்தாள். “அம்மா, எல்லா நகமும் குட்டியா இருக்கு! யாரு தாத்தா வெட்டுனா?”

நான் தரையில் உட்கார்ந்தேன். “கையைக் காட்டு” என்றேன், மெதுவாகத்தான். குட்டி வந்து உட்கார்ந்து காலைத் தூக்கி என் கையில் வைத்தது. மிச்சம் வைத்திருந்த நகத்தைச் சீவினேன். ஒரு சத்தம் இல்லை. ஜீவிதா கைதட்டினாள். பாணி குளியலறைக் கதவுப் பக்கம் சாய்ந்து நின்று பார்த்துக்கொண்டிருந்தான். முகத்தில் ஒன்றும் தெரியவில்லை.

ஓவியா என் எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டினாள். “எனக்கும் தாத்தா. நாளைக்கு மிஸ் நகம் பாப்பாங்க. நீளமா இருந்தா டைரில எழுதிடுவாங்க.”

சமையலறையிலிருந்து தெய்வானையின் குரல் வந்தது. “அமாவாசையும் அதுவுமா நகம் வெட்டாதீங்க. நாளைக்குப் பாத்துக்கலாம்.”

ஞாயிறு. அமாவாசை. காலண்டரை நான் காலையிலேயே பார்த்திருந்தேன். இது வந்து என் முன்னால் இப்படி உட்காரும் என்று நினைக்கவில்லை.

“இல்ல தெய்வானை. இன்னைக்கே வெட்டணும். அன்னைக்கும் நான் இப்படித்தான் சொல்லியிருக்கணும்” என்றேன்.

“என்னைக்கு?”

“பாணி விரல்ல அடி பட்டதுக்கு மொத நாள், அந்த ஆடி அமாவாசைக்கு. கதவு இல்ல. நான்தான். பிரேயர்ல ஸ்கேலால அடிச்சேன்.”

ஜீவிதா குழந்தையையும் குட்டியையும் வாசலுக்குக் கூட்டிப் போனாள். பை எல்லாம் காரில் வைக்கலாம் வா என்றாள். அவளுக்குத் தெரிந்திருக்கிறது. கல்யாணமான புதிதிலேயே அவன் சொல்லியிருப்பான்.

தெய்வானை ஈரக் கையோடு வந்து நின்றாள். என்னைப் பார்க்கவில்லை. அந்தக் கதவைப் பார்த்தாள். “வெட்ட விடாதது நான். அடிச்சது நீங்க. அதச் சொல்லியிருந்தா ரெண்டு பேரும் சேந்து அழுதிருப்போமில்ல? இருபத்தாறு வருஷமா என்னை ஏன் ஒரு கதவோட சண்டை போட வெச்சீங்க?” பிறகு பாணியிடம் திரும்பினாள். “நீயும்தானடா மறைச்ச?”

“எனக்குப் பதினோரு வயசும்மா” என்றான் பாணி.

அவள் உள்ளே போய்விட்டாள். நானும் அவனும்தான் இருந்தோம். மன்னிச்சிரு என்று சொல்ல வேண்டும். அது என் வாய்க்குப் பழக்கமில்லாத வார்த்தை. வரவில்லை. அந்த விரலை ஒரு முறை பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும் போல இருந்தது. இத்தனை வருஷத்தில் ஒரு நாளும் நேராகப் பார்த்ததில்லை.

“பாணி, கையைக் காட்டுடா” என்றேன்.

அதட்டவில்லை. சத்தியமாக அதட்டவில்லை. ஆனால் வேறு வார்த்தை எனக்குத் தெரிந்திருக்கவில்லை.

வாசலில் இருந்த குட்டிக்கு அது கேட்டுவிட்டது. ஓடி வந்து என் முன்னால் உட்கார்ந்து காலைத் தூக்கி நீட்டியது. பாணியின் இடது கை முதுகுக்குப் பின்னால் போனது.

அவன் வேண்டுமென்று செய்யவில்லை. கை தானாகப் போனது. மீசையில் ஒன்றிரண்டு நரை விழுந்த ஆள், முப்பத்தெட்டு வயது. தன் கை போன இடத்தை அவனும் அப்போதுதான் கவனித்தான். மெதுவாக முன்னால் கொண்டுவந்து பேண்ட் பாக்கெட்டுக்குள் விட்டுக்கொண்டான். குட்டி இன்னும் காலைத் தூக்கியபடி முட்டைக்காகக் காத்திருந்தது. நான் கொடுக்க மறந்துவிட்டேன்.

“டைம் ஆச்சுப்பா” என்றான். நகவெட்டி மேசை மேல் இருந்தது. அதை எடுத்துக்கொண்டு போனான்.

காரின் கதவைத் திறந்து வைத்து, குழந்தையை மடியில் உட்கார்த்தி, அவளுடைய பத்து நகத்தையும் அவனே வெட்டினான். அவள் பாட்டுக்குக் குட்டியோடு பேசிக்கொண்டிருந்தாள். நகம் வெட்டுவதே அவளுக்குத் தெரியவில்லை. நான் கேட் பக்கத்தில் நின்று பார்த்தேன். அவள் சின்ன விரல்களைப் பிடித்திருந்த அவன் கையில் அந்தக் கோணல் நகம் வெயிலில் நன்றாகத் தெரிந்தது. நடுவில் ஒரு கோடு, கீழிருந்து மேல் வரைக்கும்.

முடித்ததும் நகவெட்டியைத் துடைத்து என்னிடம் கொடுத்தான். ஜீவிதா காலில் விழுந்து கும்பிட்டாள். “மே மாசம் பாக்கலாம் மாமா” என்றாள்.

11.3.2024, திங்கள்

தெய்வானை நேற்றிலிருந்து பேசவில்லை. காப்பியை மேசையில் வைத்துவிட்டுப் போகிறாள். காலையில் அவளே சுத்தியல் எடுத்து அந்த ஆணிகளைப் பிடுங்கினாள். டியூப் துண்டு காய்ந்து விறைத்துப் போயிருந்தது. என் நாற்காலியில் கொண்டுவந்து வைத்தாள். காற்றுக்குக் கதவு மத்தியானம் வரைக்கும் அறைந்துகொண்டே இருந்தது. இரண்டு பேரும் எழுந்து போய்ச் சாத்தவில்லை.

பழக்க தோஷத்தில் ஒரு முட்டை வேகவைத்துவிட்டேன். அப்படியே இருக்கிறது.

ஐந்து மணிக்கு ஓவியா போன் செய்தாள். மிஸ் நகம் பார்த்தார்களாம். கையில் ஸ்டார் வரைந்து விட்டார்களாம். “அடிச்சாங்களா யாரையாச்சும்?” என்றேன். “மிஸ் ஏன் தாத்தா அடிப்பாங்க?” என்றாள்.

பிறகு சொன்னாள்: “தாத்தா, பணியாரம் சூப்பர். நான் கையைக் காட்டுன்னு சொன்னாலே உடனே காலைக் குடுக்கறான். ஆனா அப்பா அப்படிச் சொல்லாத, வேற ஏதாச்சும் சொல்லிப் பழக்கலாங்கறாரு. ஏன் தாத்தா?”

போனுக்குப் பக்கத்தில் அவன் இருக்கிறானா என்று தெரியவில்லை. இருந்தாலும் கேட்கட்டும் என்று கொஞ்சம் சத்தமாகவே சொன்னேன்.

“அப்பா சொல்றதுதான் சரி கண்ணு. மாத்திக்கோ.”